ஸ்ரீ விக்கிரம இராஜசிங்கன்

ஸ்ரீ விக்கிரம இராஜசிங்கன் (1780 – ஜனவரி 30, 1832) இலங்கைத் தீவின் கடைசி மன்னர் ஆவார். இவரது இயற்பெயர் கண்ணுசாமி. கண்டி இராச்சியத்தை 1798 முதல் 1815 வரை ஆண்டார். தென்னிந்தியாவிலிருந்து சென்ற நாயக்கர் மரபில் கண்டி அரியணை ஏறிய நான்காவது மன்னரும் இறுதி மன்னரும் இவரே. 1815ஆம் ஆண்டு ஆங்கிலேயர் கண்டியைக் கைப்பற்றியபோது சிறைபிடிக்கப்பட்டார். 1816இல் தமிழகத்துக்கு நாடு கடத்தப்பட்டு, வேலூர்க் கோட்டையில் 16 ஆண்டுகள் குடும்பத்துடன் காவலில் வைக்கப்பட்டார். அங்கேயே காலமானார். வேலூருக்கும் காட்பாடிக்கும் இடையே ஓடும் பாலாற்றின் கரையில் அமைந்துள்ள முத்து மண்டபம் இவரது நினைவிடமாகும்.

ஆட்சிக்காலம்: 1798 – 1815
தலைநகர்: கண்டி (செங்கடகல நகரம்)
மரபு: கண்டி நாயக்கர்
முன்னிருந்தவர்: இராஜாதி இராஜசிங்கன்
பின்வந்தவர்: எவருமில்லை (பிரித்தானிய ஆட்சி)
இறப்பு: வேலூர்க் கோட்டை, 1832

தீவும் மலை இராச்சியமும்

இலங்கை இந்தியப் பெருங்கடலில், நிலநடுக்கோட்டுக்குச் சற்று வடக்கே அமைந்துள்ள வெப்பமண்டலத் தீவு. அதன் பரப்பளவு 65,610 சதுர கிலோமீட்டர். தீவின் ஓரங்கள் தாழ்ந்த சமவெளிகளாகவும், நடுத்தென்பகுதி உயர்ந்த மலைநாடாகவும் உள்ளன. மிக உயர்ந்த சிகரமான பீதுருதாலகாலையின் உயரம் 2,524 மீட்டர். மலைகளில் தோன்றும் ஆறுகளுள் மிக நீளமானது 335 கிலோமீட்டர் ஓடித் திருகோணமலைக்குத் தெற்கே கடலில் கலக்கும் மகாவலி கங்கை. கண்டி நகரம் கடல்மட்டத்திலிருந்து ஏறத்தாழ 500 மீட்டர் உயரத்தில், மகாவலியின் வளைவு மூன்று பக்கமும் சூழ்ந்த பள்ளத்தாக்கில் அமைந்துள்ளது.

கண்டி இராச்சியத்தின் வரலாற்றைப் புரிந்துகொள்ள இந்த நில அமைப்பை அறிவது அவசியம். 15ஆம் நூற்றாண்டின் பிற்பகுதியில் உருவான இந்த இராச்சியம், 1505இல் வந்த போர்த்துக்கீசரையும், 1658க்குள் அவர்களை அகற்றிவிட்டுக் கரையோரங்களைப் பிடித்த ஒல்லாந்தரையும் எதிர்த்து நின்றது. கணவாய்கள் குறுகலானவை. காட்டுப் பாதைகளில் படையினர் ஒருவர்பின் ஒருவராகத்தான் செல்ல முடியும். பாதைகளை அகலப்படுத்துவதைக் கண்டி மன்னர்கள் விரும்பவில்லை. பருவமழைக் காலத்தில் ஆறுகள் கரைபுரண்டு ஓடும், காட்டுக்காய்ச்சல் பரவும். பகைவர் தலைநகரை நெருங்கினால் மன்னரும் மக்களும் நகரைக் காலி செய்துவிட்டு மலைகளுக்குள் விலகுவர். உணவின்றியும் நோயுற்றும் திரும்பும் படையை வழியில் தாக்குவர். ஏறத்தாழ மூன்று நூற்றாண்டுகள் இம்முறை கண்டியைக் காத்தது.

இந்த அரணுக்கு ஒரு பெருங்குறையும் இருந்தது. 1765இல் கண்டிக்குள் புகுந்து மீண்ட ஒல்லாந்தருடன் 1766இல் செய்துகொண்ட உடன்படிக்கையின்படி, கண்டி தனது கடற்கரை முழுவதையும் இழந்தது. தீவு ஒன்றில் அமைந்திருந்தும் கடல் இல்லாத நாடாக அது மாறியது. உப்புக்கும் கருவாட்டுக்கும்கூட கரையோரத்தை ஆண்ட அந்நியரை நம்ப வேண்டியதாயிற்று. வெளிநாடுகளுடன் தொடர்பு கொள்ளத் துறைமுகம் ஒன்றும் இல்லை. ஸ்ரீ விக்கிரம இராஜசிங்கன் பெற்ற நாடு இவ்வாறு முற்றுகையிடப்பட்ட நிலையிலேயே இருந்தது.

கண்டி நாயக்கர் மரபு

கண்டி மன்னர்கள் தங்களது பட்டத்தரசியர் சத்திரிய குலத்தவராக இருக்க வேண்டும் என்று கருதினர். அதற்காக மதுரையிலிருந்து பெண் எடுக்கும் வழக்கம் ஏற்பட்டது. 1739இல் மன்னர் வீர நரேந்திரசிங்கன் பட்டத்துக்குரிய மகனின்றி இறந்தபோது, அவரது மதுரை அரசியின் சகோதரர் ஸ்ரீ விஜய இராஜசிங்கன் என்ற பெயரில் அரியணை ஏறினார். இவருடன் கண்டியில் நாயக்கர் மரபு தொடங்கியது. இவருக்குப் பின் கீர்த்தி ஸ்ரீ இராஜசிங்கன் (1747–1782), இராஜாதி இராஜசிங்கன் (1782–1798) ஆகியோர் ஆண்டனர்.

நாயக்கர்கள் தெலுங்கு மரபினர். தமிழகத்தில் நெடுங்காலம் வாழ்ந்தவர்கள். சைவ வைணவ வழிபாட்டுப் பின்னணி கொண்டிருந்தும், கண்டி மன்னராக முடிசூடியபின் பௌத்த சமயத்தின் காவலராக விளங்கினர். கீர்த்தி ஸ்ரீ இராஜசிங்கன் காலத்தில் சியாம் நாட்டிலிருந்து பிக்குகள் வரவழைக்கப்பட்டு, 1753இல் இலங்கையில் அழிந்துபோயிருந்த உபசம்பதா எனும் துறவறச் சடங்கு மீண்டும் நிறுவப்பட்டது. எனினும், மன்னர் அந்நிய இனத்தவர் என்ற எண்ணம் பிரதானிகளிடையே அவ்வப்போது தலைதூக்கியது. 1760இல் அதே கீர்த்தி ஸ்ரீ இராஜசிங்கனைக் கொல்வதற்கான சதி ஒன்று கண்டுபிடிக்கப்பட்டு முறியடிக்கப்பட்டது.

கண்டியில் மன்னருக்கு அடுத்த நிலையில் அதிகார் எனப்பட்ட முதன்மை அமைச்சர்கள் இருந்தனர். மாகாணங்களைத் திசாவைகள் நிருவகித்தனர். இவ்வுயர் பதவிகள் சில குடும்பங்களின் கைகளிலேயே இருந்தன. மன்னரின் உறவினர்களான நாயக்கர்கள் அரண்மனையிலும் வணிகத்திலும் செல்வாக்குப் பெற்றனர். இவ்விரு பிரிவினருக்கும் இடையிலிருந்த போட்டியே பிற்கால நிகழ்வுகளுக்கு அடித்தளமாயிற்று.

முடிசூடல்

1798இல் இராஜாதி இராஜசிங்கன் வாரிசின்றி மறைந்தார். அரசியின் சகோதரரான முத்துசாமி அரியணைக்கு உரிமை கோரினார். ஆனால் முதல் அதிகாராக இருந்த பிலிமத்தலாவை, மறைந்த மன்னரின் உறவினரான 18 வயது கண்ணுசாமியைத் தெரிவு செய்து, ஸ்ரீ விக்கிரம இராஜசிங்கன் என்ற பெயரில் முடிசூட்டினார். அனுபவமற்ற இளைஞர் தமது கைப்பாவையாக இருப்பார் என்றும், காலம் வாய்க்கும்போது அவரை அகற்றிவிட்டுத் தாமே மன்னராகலாம் என்றும் பிலிமத்தலாவை எண்ணியதாக வரலாற்றாசிரியர்கள் கருதுகின்றனர். முத்துசாமி தப்பிச் சென்று ஆங்கிலேயரிடம் அடைக்கலம் புகுந்தார்.

இதற்குச் சற்று முன்பே கரையோரத்தின் ஆட்சி கைமாறியிருந்தது. 1795–96இல் ஆங்கிலேயர் ஒல்லாந்தரிடமிருந்து திருகோணமலை, யாழ்ப்பாணம், கொழும்பு ஆகியவற்றைக் கைப்பற்றினர். தொடக்கத்தில் இப்பகுதிகள் சென்னையிலிருந்து கிழக்கிந்தியக் கம்பெனியால் ஆளப்பட்டன. 1802இல் அவை பிரித்தானிய முடிக்குரிய குடியேற்ற நாடாயின. முதல் ஆளுநர் பிரடெரிக் நோர்த் 1798இல் பதவியேற்றார். அவருடன் பிலிமத்தலாவை இரகசியப் பேச்சுகள் நடத்தினார். ஆங்கிலப் படையைக் கண்டியில் நிறுத்தி, பெயரளவில் மன்னரை வைத்துக்கொண்டு, உண்மையான அதிகாரத்தைத் தாம் பெறுவதே ஆளுநரின் நோக்கமாக இருந்தது. இளம் மன்னர் இதற்கு இணங்கவில்லை.

1803ஆம் ஆண்டுப் போர்

கண்டிப் பகுதியில் ஆங்கிலேயரின் குடிகளான பாக்கு வணிகர்களின் சரக்குகள் பறிக்கப்பட்டன. அதற்கு இழப்பீடு கிடைக்கவில்லை என்பதைக் காரணம் காட்டி 1803இன் தொடக்கத்தில் நோர்த் போர் தொடுத்தார். தளபதி மக்டவல் கொழும்பிலிருந்தும், மற்றொரு படை திருகோணமலையிலிருந்தும் புறப்பட்டன. பிப்ரவரி மாதம் அவை கண்டியை அடைந்தபோது நகரம் ஆளின்றிக் கிடந்தது. மன்னர் மலைகளுக்குள் விலகியிருந்தார். ஆங்கிலேயர் தம்முடன் கொண்டுவந்த முத்துசாமியை மன்னராக அமர்த்தினர். ஆனால் அவரை ஏற்று ஆதரிக்கக் கண்டி மக்கள் எவரும் முன்வரவில்லை.

மக்டவல் படையின் பெரும்பகுதியுடன் கொழும்புக்குத் திரும்பினார். மேஜர் டேவி என்பவரின் கீழ் ஒரு காவற்படை கண்டியில் விடப்பட்டது. மழைக்காலம் தொடங்கியதும் காய்ச்சல் பரவியது. உணவு குறைந்தது, பாதைகள் அடைபட்டன. 1803 ஜூன் 24இல் கண்டிப் படையினர் தாக்கியபோது டேவி சரணடைந்து, திருகோணமலை நோக்கிச் செல்ல அனுமதி பெற்றார். ஆனால் மகாவலி கங்கை பெருக்கெடுத்து ஓடியதால் அதைக் கடக்க முடியவில்லை. ஆற்றங்கரையில் முத்துசாமி மன்னரிடம் ஒப்படைக்கப்பட்டுக் கொல்லப்பட்டார். பின்னர் படையினரும் கொல்லப்பட்டனர். நகர மருத்துவமனையில் நோயுற்றுக் கிடந்த ஐரோப்பியச் சிப்பாய்களும் தப்பவில்லை. மிகச் சிலரே உயிர் பிழைத்தனர். டேவி கண்டியிலேயே கைதியாக இருந்து, பல ஆண்டுகளுக்குப் பின் இறந்தார்.

இவ்வெற்றிக்குப்பின் மன்னர் கொழும்பை நோக்கிப் படை நடத்தினார். ஆனால் செப்டம்பரில் அன்வெல்லைக் கோட்டையில் தோல்வியுற்றுப் பின்வாங்கினார். மலைநாட்டில் கண்டிப் படையை வெல்வது எவ்வளவு கடினமோ, சமவெளியில் பீரங்கிகளுக்கு எதிரே அப்படை நிற்பதும் அவ்வளவு கடினம் என்பதை இப்போர் காட்டியது. 1805இல் ஆளுநராக வந்த தாமஸ் மெயிட்லண்ட் புதிய படையெடுப்பை மேற்கொள்ளவில்லை. உடன்படிக்கை எதுவும் கையெழுத்தாகாமலே சுமார் 10 ஆண்டுகள் போரற்ற நிலை நீடித்தது.

கட்டிடப் பணிகள்

கண்டி நகரின் இன்றைய தோற்றத்தில் ஸ்ரீ விக்கிரம இராஜசிங்கனின் பங்கு பெரிது. புனித தந்தம் வைக்கப்பட்டுள்ள தலதா மாளிகைக்கு முன்னால் உள்ள வயல்நிலத்தில் அணைகட்டி ஏரி ஒன்றை அமைத்தார். 1812ஆம் ஆண்டளவில் நிறைவடைந்த இது பாற்கடல் என்னும் பொருள்படக் கிரி முகுத எனப்பட்டது. தலதா மாளிகையின் முகப்பிலுள்ள எண்கோண மண்டபமான பத்திரிப்புவ, அலைபோல் வளைந்து செல்லும் மேகச் சுவர் ஆகியனவும் இவர் காலத்தவை. இவற்றை வடிவமைத்தவர் தேவேந்திர மூலாச்சாரி என்னும் சிற்பி ஆவார்.

இப்பணிகள் இராஜகாரியம் எனப்பட்ட கட்டாய ஊழிய முறையில் செய்யப்பட்டன. நிலம் வைத்திருந்தோர் அதற்கு ஈடாக மன்னருக்கு உழைக்க வேண்டும் என்பது அம்முறை. அலங்கார வேலைகளுக்காக மக்கள் நெடுநாள் வருத்தப்பட்டனர் என்ற குறை எழுந்தது. இன்று சுற்றுலாப் பயணிகள் வியக்கும் ஏரி, அக்காலத்தில் மன்னர்மீதான வெறுப்பை வளர்த்த காரணங்களுள் ஒன்றாகவும் இருந்தது.

பிரதானிகளுடன் மோதல்

கைப்பாவையாக இருப்பார் என எதிர்பார்க்கப்பட்ட மன்னர் ஆண்டுகள் செல்லச்செல்லத் தாமாகவே முடிவெடுக்கத் தொடங்கினார். பிரதானிகளின் அதிகாரத்தைக் குறைத்தார். பிலிமத்தலாவை பதவி இழந்து, மன்னரைக் கொல்லச் சதி செய்த குற்றத்துக்காக 1811ஆம் ஆண்டளவில் தலை துண்டிக்கப்பட்டார். அவருக்குப்பின் எகலப்பொலை முதல் அதிகாரானார். அவர்மீதும் மன்னருக்கு ஐயம் ஏற்பட்டது.

இந்தப் பிளவை ஆங்கிலேயர் உன்னிப்பாகக் கவனித்து வந்தனர். சிங்கள மொழியை நன்கு கற்ற ஜோன் டொய்லி என்னும் அதிகாரி, பிக்குகள், வணிகர்கள், சிற்றதிகாரிகள் ஆகியோர் வழியாகக் கண்டிச் செய்திகளைத் திரட்டினார். பிரதானிகளுடன் கடிதத் தொடர்பும் வைத்திருந்தார். 1812இல் ஆளுநராக வந்த இராபர்ட் பிரவுன்றிக் இவ்வேலையை ஊக்குவித்தார்.

1814இல் சப்பிரகமுவையில் இருந்த எகலப்பொலையை மன்னர் தலைநகருக்குத் திரும்ப அழைத்தார். அவர் வர மறுத்துக் கிளர்ச்சி செய்தார். கிளர்ச்சி முறியடிக்கப்பட்டதும் மனைவியையும் மக்களையும் கண்டியிலேயே விட்டுவிட்டுக் கொழும்புக்குத் தப்பிச் சென்றார். மன்னர் அக்குடும்பத்துக்கு மரண தண்டனை விதித்தார். 1814 மே மாதம் எகலப்பொலையின் பிள்ளைகள் பொது இடத்தில் கொல்லப்பட்டனர். மனைவி போகம்பரைக் குளத்தில் மூழ்கடிக்கப்பட்டார். அஞ்சிய அண்ணனுக்கு முன்னே சென்று தலைகொடுத்ததாகக் கூறப்படும் இளைய மகன் மத்தும பண்டார, இலங்கையில் வீரச் சிறுவனாக இன்றும் நினைவுகூரப்படுகிறான். அரசத் துரோகியின் குடும்பத்தையும் தண்டிப்பது கண்டி வழக்கத்துக்குப் புறம்பானது அன்று எனினும், இக்கொலைகள் மக்களை உலுக்கின. மன்னர் தமது ஆட்சிக்கான ஆதரவை இழந்த தருணமாக இது பெரும்பாலும் குறிப்பிடப்படுகிறது.

கண்டியின் வீழ்ச்சி

1814இன் இறுதியில், ஆங்கிலேயர் பகுதியிலிருந்து கண்டிக்குள் சென்ற 10 துணி வணிகர்கள் ஒற்றர் எனப் பிடிக்கப்பட்டு உறுப்புகள் வெட்டப்பட்டனர். எழுவர் இறந்தனர்; மூவர் கொழும்பை அடைந்தனர். கிளர்ச்சியாளரைத் துரத்திய கண்டிப் படையினர் எல்லை கடந்ததும் போருக்கு உடனடிக் காரணமாயிற்று. 1815 ஜனவரி 10இல் பிரவுன்றிக் போர் அறிவித்தார். இது கண்டி மக்களுக்கு எதிரான போர் அன்று, மன்னருக்கு எதிரானது மட்டுமே என அறிவிக்கப்பட்டது.

கரையோரத்தின் பல இடங்களிலிருந்தும் படைகள் ஒரே நேரத்தில் மலைநாட்டுக்குள் நுழைந்தன. 1803இல் இருந்த நிலைமை இப்போது இல்லை. முதல் அதிகாரான மொல்லிகொடையும் ஆங்கிலேயர் பக்கம் சேர்ந்தார். கணவாய்களைக் காக்க வேண்டியவர்களே வழிவிட்டனர். பெரிய சண்டை எதுவுமின்றி 1815 பிப்ரவரி 14இல் ஆங்கிலப் படை கண்டிக்குள் நுழைந்தது. மூன்று நூற்றாண்டு காலம் காத்த மலைகளும் காடும் மாறவில்லை. அவற்றைக் காத்த மனிதர்களின் ஒற்றுமையே குலைந்திருந்தது.

மன்னர் தும்பறைப் பகுதியில் தஞ்சம் புகுந்திருந்தார். பிப்ரவரி 18இல் எகலப்பொலையின் ஆட்கள் அவரது மறைவிடத்தைச் சூழ்ந்து பிடித்துக் கட்டி இழுத்து வந்தனர். அரசியரின் அணிகலன்கள் பறிக்கப்பட்டன. டொய்லி வந்து மன்னரைப் பொறுப்பேற்றபின் அவருக்கு மரியாதை காட்டப்பட்டது. மார்ச் மாதம் அவர் கொழும்புக்குக் கொண்டு செல்லப்பட்டார்.

கண்டி ஒப்பந்தம்

1815 மார்ச் 2இல் கண்டி அரண்மனையின் மகுல் மடுவ எனப்படும் அவை மண்டபத்தில் ஆங்கிலேயருக்கும் கண்டிப் பிரதானிகளுக்கும் இடையே ஒப்பந்தம் நிறைவேறியது. அதன்படி ஸ்ரீ விக்கிரம இராஜசிங்கன் கொடுங்கோன்மையின் காரணமாக அரசுரிமை இழந்தவராக அறிவிக்கப்பட்டார். அவரது மரபினர் எவரும் இனி அரியணை ஏறவோ, கண்டி மாகாணங்களுக்குள் நுழையவோ கூடாது என விதிக்கப்பட்டது. இராச்சியம் பிரித்தானிய முடியின் ஆட்சிக்கு மாற்றப்பட்டது. பௌத்த சமயமும் பிரதானிகளின் உரிமைகளும் காக்கப்படும் என உறுதியளிக்கப்பட்டது. ஒப்பந்தத்தில் சில பிரதானிகளின் கையெழுத்துகளில் தமிழ் எழுத்துகள் காணப்படுவது குறிப்பிடத்தக்கது. தமிழ் வழியினர் என மன்னர் விலக்கப்பட்ட ஆவணத்திலேயே தமிழ் எழுத்துகள் இடம்பெற்றமை, அக்காலக் கண்டி அரசவையில் இரு மொழிகளும் கலந்திருந்ததைக் காட்டுகிறது.

வேலூரில் சிறைவாழ்வு

கொழும்பில் ஏறத்தாழ ஓராண்டு காவலில் இருந்த மன்னர், 1816 ஜனவரி 24இல் கார்ன்வாலிஸ் என்ற கப்பலில் அரசியருடனும் உறவினருடனும் சென்னைக்கு அனுப்பப்பட்டார். அங்கிருந்து வேலூர்க் கோட்டைக்குக் கொண்டு வரப்பட்டார்.

வேலூர்க் கோட்டை 16ஆம் நூற்றாண்டில் விசயநகரப் பேரரசின்கீழ் கட்டப்பட்டது. 133 ஏக்கர் பரப்பளவும், கருங்கல் மதில்களும், அகன்ற அகழியும் கொண்டது. 1799இல் ஸ்ரீரங்கப்பட்டணம் வீழ்ந்தபின் திப்பு சுல்தானின் குடும்பத்தினர் இங்கு வைக்கப்பட்டனர். 1806 ஜூலை 10இல் நிகழ்ந்த வேலூர்ச் சிப்பாய்ப் புரட்சியை அடுத்து அவர்கள் கல்கத்தாவுக்கு மாற்றப்பட்டனர். அவர்கள் சென்ற 10 ஆண்டுகளுக்குள் அதே கோட்டைக்குக் கண்டி மன்னர் வந்து சேர்ந்தார். அவர் தங்கிய கட்டிடம் கண்டி மகால் என்று பெயர் பெற்றது.

மன்னரின் குடும்பச் செலவுகளை இலங்கை அரசாங்கம் ஏற்றுக்கொண்டது. மன்னருக்கு வேலூரில் ஒரு மகன் பிறந்தான். கோட்டைக்குள்ளிருந்த சலகண்டேசுவரர் கோயிலில் அக்காலத்தில் வழிபாடு நடைபெறவில்லை. அங்கு இலிங்கம் மீண்டும் நிறுவப்பட்டது 1981இல்தான். மழை நிறைந்த மலைநகரத்தை ஆண்டவர், கோடையில் வெயில் கடுமையாகக் காயும் ஊரில், அகழி சூழ்ந்த மதிலுக்குள் தம் வாழ்வின் இறுதி 16 ஆண்டுகளைக் கழித்தார்.

வீழ்ந்த அரசர்களைத் தம் மக்களின் கண்ணுக்கு எட்டாத இடத்துக்கு அனுப்புவது அக்கால ஆங்கிலேயரின் வழக்கமாக இருந்தது. 1801ஆம் ஆண்டுப் பாளையக்காரர் போரில் பிடிபட்டவர்கள் 1802இல் பினாங்குத் தீவுக்கு அனுப்பப்பட்டனர். 1815இல் நெப்போலியன் செயின்ட் எலினா தீவுக்கு அனுப்பப்பட்டார். கடைசி முகலாய மன்னர் பகதூர் ஷா இரங்கூனுக்கும், பர்மாவின் கடைசி மன்னர் திபா இரத்தினகிரிக்கும், ஆப்பிரிக்காவின் அசந்தி மன்னர் பிரெம்பே 1900இல் சீசெல்சுத் தீவுகளுக்கும் கடத்தப்பட்டனர். எகிப்தின் அராபி பாஷா 1883இல் இலங்கைக்கே நாடு கடத்தப்பட்டார். மொரீசியசு, சீசெல்சு போன்ற இன்றைய சிறு தீவு நாடுகளின் வரலாற்றில் இத்தகைய அரசியல் கைதிகளுக்கும் ஓர் இடம் உண்டு.

1817–18 கிளர்ச்சி

மன்னர் அகற்றப்பட்டு மூன்று ஆண்டுகள் நிறைவடையுமுன்பே, 1817இன் பிற்பகுதியில் ஊவாப் பகுதியில் ஆங்கிலேயருக்கு எதிராகப் பெருங்கிளர்ச்சி வெடித்தது. அதன் தலைவராக முன்னிறுத்தப்பட்டவர், தாம் நாயக்கர் மரபைச் சேர்ந்த துரைசாமி என்று கூறிக்கொண்டார். உண்மையில் அவர் வில்பாவ என்னும் ஊரைச் சேர்ந்த முன்னாள் பிக்கு எனப் பின்னர் தெரியவந்தது. கிளர்ச்சியை அடக்க அனுப்பப்பட்ட கெப்பெட்டிப்பொலைத் திசாவையே கிளர்ச்சியாளர்களுடன் சேர்ந்தார். ஆங்கிலேயர் ஊர்களையும் வயல்களையும் எரித்துக் கிளர்ச்சியை அடக்கினர். 1818 நவம்பர் 26இல் கெப்பெட்டிப்பொலை தலை துண்டிக்கப்பட்டார். பிடிபட்டவர்களுள் பலர் மொரீசியசுத் தீவுக்குக் கடத்தப்பட்டனர்.

மன்னரை வீழ்த்த உதவிய எகலப்பொலைக்கும் அரியணை கிடைக்கவில்லை. ஐயத்தின் பேரில் கொழும்பில் காவலில் வைக்கப்பட்ட அவர், 1825இல் மொரீசியசுக்கு அனுப்பப்பட்டு, 1829இல் அங்கேயே இறந்தார். எதிரிகளான இருவரும் தாயகத்துக்குத் திரும்பாமல், ஒருவர் வேலூரிலும் மற்றவர் மொரீசியசிலும் உயிர் நீத்தனர்.

மறைவும் முத்து மண்டபமும்

ஸ்ரீ விக்கிரம இராஜசிங்கன் 1832 ஜனவரி 30இல் நீர்க்கோவை நோயால் வேலூரில் காலமானார். அப்போது அவருக்கு வயது 52. அவரது நினைவுக்கல் பாலாற்றங்கரையில் உள்ளது. அரச குடும்பத்தினர் சிலரின் சமாதிகளும் அங்கு உள்ளன. நெடுங்காலம் கவனிப்பாரற்றுக் கிடந்த இவ்விடத்தில் 1990இல் தமிழக அரசு முத்து மண்டபம் என்ற நினைவிடத்தை எழுப்பியது. அப்போதைய முதலமைச்சர் மு. கருணாநிதி அதைத் திறந்து வைத்தார்.

பாலாற்றின் தென்கரையில் வேலூரும் வடகரையில் காட்பாடியும் உள்ளன. தொடர்வண்டியில் காட்பாடிச் சந்திப்பில் இறங்கி வேலூருக்குச் செல்வோர் பாலாற்றுப் பாலத்தைக் கடந்தே செல்கின்றனர். ஆண்டின் பெரும்பகுதி மணற்பரப்பாகவே காணப்படும் இவ்வாற்றின் மேற்பகுதியில் வாணியம்பாடி, ஆம்பூர் ஆகிய தோல் தொழில் நகரங்களும், கீழ்ப்பகுதியில் இராணிப்பேட்டையும் அமைந்துள்ளன.

மன்னரின் வழியினருக்கான உதவித்தொகை இருபதாம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை இலங்கை அரசாங்கத்தால் வழங்கப்பட்டு வந்தது.

பின்விளைவுகள்

மன்னர் மறைந்த அடுத்த ஆண்டில், 1833இல், கோல்புரூக் ஆணைக்குழுவின் பரிந்துரைப்படி கண்டியின் தனி நிருவாகம் நீக்கப்பட்டது. தீவு முழுவதும் ஐந்து மாகாணங்களாகப் பிரிக்கப்பட்டு ஒரே நிருவாகத்தின்கீழ் வந்தது. கொழும்பிலிருந்து கண்டிக்கு 1820களில் அமைக்கப்பட்ட சாலை மலைநாட்டைத் திறந்துவிட்டது. காடுகள் அழிக்கப்பட்டுக் காப்பித் தோட்டங்களும், பின்னர் தேயிலைத் தோட்டங்களும் உருவாயின. அவற்றில் உழைக்கத் தமிழகத்திலிருந்து இலட்சக்கணக்கானோர் சென்றனர். இன்றைய மலையகத் தமிழரின் வரலாறு, கண்டி வீழ்ந்தபின் ஏற்பட்ட இம்மாற்றத்திலிருந்தே தொடங்குகிறது.

கண்டி அரியணை இங்கிலாந்துக்குக் கொண்டு செல்லப்பட்டு வின்சர் மாளிகையில் வைக்கப்பட்டிருந்தது. 1693இல் ஒல்லாந்தர் கண்டி மன்னருக்குப் பரிசளித்த இவ்வரியணை 1934இல் இலங்கையிடம் திருப்பி ஒப்படைக்கப்பட்டு, கொழும்பு தேசிய அருங்காட்சியகத்தில் வைக்கப்பட்டது. வாளேந்திய சிங்கம் பொறித்த கண்டிக் கொடி இலண்டனில் செல்சி மருத்துவமனையில் இருந்ததை ஈ. டபிள்யூ. பெரேரா கண்டறிந்தார். 1948 பிப்ரவரி 4இல் இலங்கை விடுதலை பெற்றபோது அச்சிங்கக் கொடி ஏற்றப்பட்டது. தமிழரையும் முசுலிம்களையும் குறிக்கும் இரு பட்டைகள் சேர்க்கப்பட்டு 1951இல் தேசியக் கொடியாக ஏற்கப்பட்டது. இன்றைய இலங்கைத் தேசியக் கொடியின் சிங்கம் இம்மன்னரின் கொடியிலிருந்து வந்ததேயாகும்.

மதிப்பீடு

ஸ்ரீ விக்கிரம இராஜசிங்கனைப் பற்றி வரலாற்றாசிரியர்களிடையே ஒருமித்த கருத்து இல்லை. அவரைக் கொடுங்கோலராகச் சித்திரிக்கும் குறிப்புகளில் பெரும்பாலானவை, அவரது நாட்டைக் கைப்பற்றிய ஆங்கிலேயர் எழுதியவை. அல்லது அவரால் பதவி இழந்த பிரதானிகள் கூறியவை. படையெடுப்பை நியாயப்படுத்தக் கொடுமைக் கதைகள் தேவைப்பட்டன என்பதை மறுக்க இயலாது. அதே வேளையில் எகலப்பொலையின் குடும்பத்துக்கும் வணிகர்களுக்கும் நேர்ந்தவற்றை வெறும் பரப்புரை என ஒதுக்கிவிடவும் முடியாது.

அவர் அந்நியர் என்பதால் வீழ்ந்தார் என்ற கருத்தும் முழுமையானதன்று. நாயக்கர் மரபு 76 ஆண்டுகள் கண்டியை ஆண்டது. 1803இல் ஆங்கிலேயர் அமர்த்திய மற்றொரு நாயக்கரை மக்கள் ஏற்கவில்லை. மலைக்குள் மறைந்திருந்த தம் மன்னரையே ஆதரித்தனர். அவர் அகற்றப்பட்டபின் எழுந்த கிளர்ச்சியிலும், மக்களைத் திரட்ட நாயக்கர் மரபின் பெயரே பயன்பட்டது. பிரதானிகளின் பகைமையும், ஆங்கிலேயரின் நீண்டகால ஒற்றாடலும், மன்னரின் கடுந்தண்டனைகளும் ஒருங்கே சேர்ந்தே 1815இன் வீழ்ச்சியை உண்டாக்கின. கைப்பாவையாக அரியணை ஏற்றப்பட்ட ஓர் இளைஞர், அதிகாரத்தைத் தம் கையில் எடுக்க முயன்றபோது தம்மைச் சுற்றியிருந்தோர் அனைவரையும் பகைத்துக்கொண்டார். அதன் விலையாகத் தீவின் கடைசி விடுதலை இராச்சியம் மறைந்தது.